முப்பத்தெட்டுக் கொலை செய்த என் தம்பி

அன்று வேசர்லாந்து ஒளிபரப்பு நிலையத்தின் மூன்றாம் மாடி அறையில் இருந்தவர்கள்: தலைமை வகித்த டாக்டர் ரோஸ்விதா க்ளாப்ரோட், நிலையத்தின் சட்ட ஆலோசகர் ப்ரெட்டோ, நேயர் ஆய்வுத் துறையின் டெப்பே, ஆஸ்பராகஸ் என்னும் வெள்ளைத் தண்டுக் காய் பயிரிடும் விவசாயிகள் சங்கத்தின் சார்பில் ஹின்னெர்க் லூபெர்ஸ், திருச்சபையின் சார்பில் திருமதி ஓல்கெர்ஸ், வேட்டைக்காரர்கள், தீயணைப்புத் தொண்டர்கள், பாடகர் குழுக்கள், தேனீ வளர்ப்போர், நாய் வளர்ப்போர், மூத்த குடிமக்கள் ஆகியோரின் சார்பில் ஆளுக்கொருவர், திரைக்கதை எழுதிய வீப்கே ஸாஸ, என் தம்பி கிஸ்பெர்ட் ஹார்க்கென்சே, நடிகன், வயது எழுபத்தொன்று, அவனுடைய அக்கா இர்ம்கார்ட் ஹார்க்கென்சே, அதாவது நான், வயது எழுபத்தெட்டு. நடிகர் சங்கத்துக்கும் ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள். அது காலியாக இருந்தது. நடிகர் சங்கப் பிரதிநிதிக்கு அன்று படப்பிடிப்பு.

இத்தனை பேரையும் சொல்லிவிட்டுத் தொடங்குவதற்குக் காரணம் உண்டு. அந்தக் கூட்டத்தைப் பற்றி எங்கள் ஊர் நீன்புர்கில் இப்போது ஆளுக்கொரு விதமாகப் பேசுகிறார்கள். நான் நாற்பத்தொரு வருடம் நிலப்பதிவு அலுவலகத்தில் இருந்தவள். யார் யார் இருந்தார்கள் என்று முதலில் சொல்லாத பத்திரத்தை நான் ஒருநாளும் பதிந்ததில்லை.

எங்கள் குடும்பப் பெயர் 1688 முதல் நீன்புர்க் தேவாலயப் பதிவேட்டில் இருக்கிறது. நில அளவையாளர்கள், சுங்கம் வாங்கியவர்கள், இரண்டு பள்ளி ஆசிரியர்கள், ஒரு மணியக்காரர். ஒருவர் மட்டும் 1874இல் அமெரிக்காவுக்குப் போனார். அவரைப் பற்றி நாங்கள் பேசுவதில்லை. கொலை செய்தவர் யாருமில்லை. கிஸ்பெர்ட் முப்பத்தெட்டுக் கொலைகள் செய்திருக்கிறான். அத்தனையும் தொலைக்காட்சியில், ஞாயிற்றுக்கிழமை மாலை எட்டேகால் மணிக்கு.

அவன் நல்ல பிள்ளை. அவனிடம் உள்ள குறை இடது புருவம் ஒன்றுதான். ஆறு வயதில் சைக்கிளின் பின் இருக்கையிலிருந்து விழுந்து நெற்றி கிழிந்தது. தையல் போட்ட டாக்டருக்கு அன்று அவசரம். அது முதல் அந்தப் புருவம் மற்றதைவிட ஒரு விரல் உயரத்தில் நிற்கிறது. அந்த சைக்கிள் என்னுடையது. ஓட்டியவளும் நான்தான்.

கெட்டிங்கன் நாடக அரங்கில் ஒன்பது வருடம் கடிதம் கொண்டுவருபவனாகவும், விளக்கைப் பிடித்துக்கொண்டு நிற்பவனாகவும் நடித்தான். பிறகு ஒரு தொலைக்காட்சி இயக்குநர் அந்தப் புருவத்தைப் பார்த்தார். மறுவாரமே கிஸ்பெர்ட் வெள்ளைக் கோட்டு போட்ட மருந்துக் கடைக்காரனாகத் தன் முதல் கொலையைச் செய்தான். நாடே பார்த்தது. மருந்துக் கடைக்காரர்கள் சங்கமும் பார்த்தது.

அவர்கள் எழுதிய கண்டனக் கடிதத்தின் விளைவாகத்தான் அந்தக் குழு பிறந்தது. குற்றவாளித் தொழில் பங்கீட்டுக் குழு என்பது அதன் முழுப் பெயர். ஒளிபரப்பு நிலையம் பொதுமக்களுடையது, ஆகவே அதன் மன்றத்தில் சமூகத்தின் ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு நாற்காலி உண்டு. அது நியாயம். நாற்காலியில் உட்கார்ந்தவர்கள், கொலைகாரன் தங்கள் பிரிவைச் சேர்ந்தவனாக இருக்கக் கூடாது என்றார்கள். அதுவும் நியாயம்தான். இரண்டு நியாயங்களுக்கும் நடுவில் என் தம்பி முப்பத்து நாலு வருடம் நின்றான்.

முதலில் அவன் நோட்டரியாக, வனக்காவலராக, தேவாலயத்தில் ஆர்கன் வாசிப்பவராகக் கொன்றான். ஒவ்வொரு ஒளிபரப்புக்குப் பிறகும் ஒரு சங்கம் எழுதியது, ஒரு தொழில் பட்டியலிலிருந்து நீங்கியது. பிறகு பொத்தான் வியாபாரியானான். கலங்கரை விளக்கக் காவலனானான். தேவாலய மணிக்குச் சுருதி பார்ப்பவன் என்றொரு தொழில் இருப்பதை நாங்கள் அவன் நடித்தபோதுதான் தெரிந்துகொண்டோம். நாட்டில் அந்தத் தொழில் செய்பவர் மூன்றே பேர். மூவரும் கையெழுத்துப் போட்டுக் கடிதம் அனுப்பினார்கள்.

காரணங்களும் சுருங்கின. பேராசை என்றால் சேமிப்பு வங்கிகள் வருத்தப்பட்டன. பொறாமை என்றால் குடும்ப நலச் சங்கம். குடிபோதை என்றால் மதுவடிப்போர். அவனுடைய முப்பத்தைந்தாவது கொலையில் அவனுக்குத் தொழில் இல்லை, முகவரி இல்லை, மதம் இல்லை. ஏன் கொன்றாய் என்று காவல் ஆணையர் கேட்டதற்கு, "சொந்தக் காரணம்" என்றான். அந்தப் படத்துக்கு நிதானத்துக்கான விருது கிடைத்தது.

இதில் எனக்கு மரியாதைக் குறைவு எதுவும் தெரியவில்லை. வேலை என்றால் வேலை. ஆனால் கிஸ்பெர்ட் களைத்துப்போனான். படம் தொடங்கி ஒன்பதாவது நிமிடத்தில் அவன் முகம் திரையில் வரும். நாடு முழுவதும் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, இவன்தான் என்று சொல்லும். அவன் மனைவி ஹெல்மா உயிரோடு இருந்தவரை ஒன்பதாவது நிமிடத்தில் எழுந்து படுக்கப் போய்விடுவாள். "உன்னையே பாத்தாச்சு, இன்னும் என்ன பாக்க இருக்கு?" என்பாள். பிரியமாகத்தான் சொல்வாள். ஹெல்மா போன பிறகும் அவன் ஒன்பதாவது நிமிடத்தில் கதவைத் திரும்பிப் பார்ப்பான்.

ஓய்வு பெறும் முன் ஒரு கடைசிப் படம் என்று முடிவானது. வீப்கே ஸாஸ என்ற பெண், முப்பது வயதுதான் இருக்கும், அவனுக்காகவே ஒரு பாத்திரம் எழுதினாள். வேசர் நதியில் படகு ஓட்டி ஓய்வு பெற்ற டொன்னீஸ். ஒருவர் ஆற்றில் தள்ளிக் கொல்லப்பட்டதும் ஊர் அவரைச் சந்தேகிக்கிறது. கடைசியில் அவர் குற்றமற்றவர் என்று தெரிகிறது. பெண் காவல் ஆணையர் அவர் வீட்டு வாசலுக்கு வந்து, "உங்களைத் தப்பா நினைச்சுட்டோம்" என்று சொல்லிக் கைகொடுக்கிறார். நான்கு நிமிடக் காட்சி.

கிஸ்பெர்ட் அந்த நான்கு நிமிடத்தை என் சமையலறையில் மூன்று மாதம் ஒத்திகை பார்த்தான். நான்தான் காவல் ஆணையர். உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே மன்னிப்புக் கேட்பேன்.

"அக்கா, கத்தியைக் கீழ வச்சுட்டு மன்னிப்புக் கேளு. கத்தியோட கேட்டா எனக்கு உருக்கமாவே வர மாட்டேங்குது."

"எனக்கு வேலை இருக்குடா. இதுல அப்படி என்ன இருக்கு?"

"ஒரே ஒரு தடவை ஜனங்க என்னைப் பத்தித் தப்பா நினைச்சுட்டு, கடைசியில வெக்கப்படணும். அவ்ளோதான்."

அவன் அதற்கு மேல் எதுவும் கேட்டதில்லை. வாழ்நாளிலேயே கேட்டதில்லை.

அப்போதுதான் குழுவிடமிருந்து அழைப்பு வந்தது. குடும்பத்தின் மூத்த உறுப்பினரையும் அழைத்து வரவும் என்று அதில் ஒரு வரி. காரணம் சொல்லவில்லை. பாராட்டாக இருக்கும் என்று கிஸ்பெர்ட் நினைத்தான். நானும் அப்படித்தான் நினைத்தேன். என் ஓய்வு விழாவுக்குத் தைத்த கருநீல உடையைப் போட்டுக்கொண்டேன். அழைப்போடு குழுவின் நடைமுறை விதிகளையும் இணைத்திருந்தார்கள், முப்பத்தொரு பக்கம். ரயிலில் கிஸ்பெர்ட் ஜன்னலைப் பார்த்தான். நான் விதிகளைப் படித்தேன். ஒருவர் வீட்டுக்குப் போகும் முன் அங்கே செருப்பை எங்கே கழற்றுவது என்று தெரிந்துகொள்வது நல்லது.

டாக்டர் க்ளாப்ரோட் எழுந்து நின்று தொடக்கவுரை ஆற்றினார்.

"ஒண்ணு தெளிவா சொல்லிடறேன். கலையோட சுதந்திரத்துல இந்தக் குழு ஒருநாளும் கைவச்சதில்லை. கலைஞர் எங்க வேணும்னாலும் போகலாம். எங்கெல்லாம் போகக் கூடாதுன்னு மட்டும்தான் நாங்க சொல்றோம். மிச்ச இடம் முழுக்க அவங்களோடதுதான்."

எல்லாரும் பாராட்டாக மேசையை விரல் முட்டியால் தட்டினார்கள். கிஸ்பெர்ட்டும் தட்டினான். அவனுக்கு அது தன்னைப் பற்றியது என்று இன்னும் புரியவில்லை.

"இப்போ கொலைகாரருக்கு வருவோம். என்ன தொழில்?"

"ஆஸ்பராகஸ் தோட்டக்காரர்" என்றாள் வீப்கே. "கதை முழுக்க அதுலதான் நிக்குது."

லூபெர்ஸ் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். செக்கச் செவேலென்ற பெரிய மனிதர்.

"படம் எப்போ வருது, தங்கச்சி?"

"ஏப்ரல்ல."

"அறுவடை எப்போ ஆரம்பிக்குது?"

"...ஏப்ரல்ல."

"கேட்டுக்கிட்டீங்களா எல்லாரும்? ஏப்ரல்ல! வருஷம் முழுக்க மண்ணைக் குவிச்சுக் குவிச்சு வெயில் படாம வளத்து எடுக்கறோம். தட்டுல வைக்கும்போது ஜனங்க பொணத்தை நினைக்கணுமா? முட்டைக்கோஸ் போடறவனா மாத்திக்கோங்க."

"முட்டைக்கோஸ் விவசாயிகள் போன வாரமே எழுத்து மூலமா ஆட்சேபிச்சுட்டாங்க" என்றார் ப்ரெட்டோ. "முன்னெச்சரிக்கையா."

"அப்போ மதகுரு?" வீப்கேயின் குரல் இறங்கியிருந்தது.

திருமதி ஓல்கெர்ஸ் கனிவாகச் சிரித்தார். "சபைக்கு ஆட்சேபணையே இல்லம்மா. மனுஷன் பாவிதானே. அவரு மனம் திரும்பறாருன்னு காட்டினாப் போதும். ஆனா கொலைக்கு முன்னாடியே திரும்பிடணும்."

வேட்டைக்காரர் என்று சொன்னபோது வேட்டைக்காரர்களின் பிரதிநிதி கொதித்தார். "ஆத்துல தள்ளிக் கொல்றதா? எங்க ஆளு அப்படிப்பட்டவன் இல்லீங்க! சுடுவான்." எல்லாரும் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். "சுடவும் மாட்டான்" என்று திருத்திக்கொண்டார். தீயணைப்புத் தொண்டர்கள் ஆற்றில் விழுந்தவரைத் தூக்குபவர்களே தவிரத் தள்ளுபவர்கள் அல்லர். நாய் வளர்ப்போர், கொலைகாரனுக்கு நாய் இருந்தால் நாய் ஏன் தடுக்கவில்லை என்ற கேள்வி எழும் என்றார்கள். ஓய்வு பெற்றவராக வைக்கலாமா என்றதும் மூத்த குடிமக்கள் சார்பில் வந்தவர் கைத்தடியை எடுத்தார். பாடகர் குழுக்களின் பிரதிநிதி எதுவும் பேசவில்லை, நெற்றியைச் சுருக்கினார். குறிப்பேட்டில் அது ஆட்சேபணை என்று ஏறியது.

தேனீ வளர்ப்போரின் பிரதிநிதி மட்டும் தயங்கித் தயங்கிக் கையைத் தூக்கினார்.

"செத்துப்போறவர் தேனீ வளக்கறவரா இருக்க வாய்ப்பு உண்டுங்களா? மூணு வருஷமா காத்திருப்புப் பட்டியல்ல இருக்கோம். வேட்டைக்காரங்களுக்கு மட்டும் வருஷத்துக்கு ரெண்டு பொணம் கொடுக்கறீங்க."

கொல்லப்படுவதற்குக் கடும் போட்டி இருப்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

காப்பியும் கசகசா கேக்கும் வந்தன. கேக் நன்றாக இருந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். வீப்கே தொடவில்லை. கிஸ்பெர்ட் தன் துண்டைப் பாதி சாப்பிட்டுவிட்டு என் பக்கம் குனிந்தான்.

"அக்கா, பாராட்டு எப்போ?"

"வாயை மூடிட்டு உக்காரு."

பிறகு டெப்பே பேசினார். அவர் ஒரு வரைபடம் கொண்டுவந்திருந்தார். அதில் ஒரு கோடு ஒன்பதாவது நிமிடத்தில் செங்குத்தாக ஏறியது. அந்த ஏற்றம்தான் என் தம்பி.

"ஹார்க்கென்சே சாரைப் பாத்ததும் எண்பத்தேழு சதவீத நேயருங்க கொலைகாரனைக் கண்டுபிடிச்சுடறாங்க. மீதிப் பதிமூணு சதவீதம் அதுக்குள்ள தூங்கிடறாங்க. முப்பத்தெட்டுப் படத்துல ஒருதடவைகூட நாம அவங்களை ஏமாத்தினதில்ல. இப்போ திடீர்னு இவரு நிரபராதின்னா என்ன அர்த்தம்? ஒளிபரப்புக் கட்டணம் கட்டற மனுஷன், தன் வீட்டு சோபாவுல உக்காந்து, பெண்டாட்டி பிள்ளைங்க முன்னாடி, தப்பாச் சொல்லியிருப்பாரு. பொது நிறுவனம் அவரை அவமானப்படுத்தலாமா?"

"அதுக்காகத்தாங்க" என்றான் கிஸ்பெர்ட்.

"என்ன சொன்னீங்க?"

"அவங்க தப்பாச் சொல்லணும்னுதான் எனக்கு ஆசை."

டாக்டர் க்ளாப்ரோட் தலையை ஒரு பக்கம் சாய்த்து, "உங்க உணர்வைப் பதிவு பண்ணிக்கிட்டோம்" என்றார். எங்கள் அலுவலகத்திலும் அப்படிச் சொல்வதுண்டு. சொன்ன பிறகு அந்தத் தாளை யாரும் எடுப்பதில்லை.

இனி மிச்சமிருந்த தொழில் எது என்று ப்ரெட்டோ பட்டியலை மேலிருந்து கீழே பார்த்தார், கீழிருந்து மேலே பார்த்தார், பிறகு அறையைச் சுற்றிப் பார்த்தார். அவர் கண்கள் காலி நாற்காலியில் நின்றன.

"நடிகர்" என்றார்.

ஆட்சேபணை சொல்ல அந்த நாற்காலியில் ஆள் இல்லை. ஆகவே ஆட்சேபணை இல்லை. கொலைகாரர் ஓய்வு பெற்ற நடிகர் என்று முடிவானது. நேயர்களின் நம்பிக்கை குலையக் கூடாது, ஆகவே அவரை கிஸ்பெர்ட் நடிப்பான் என்றும் முடிவானது. படகோட்டி டொன்னீஸ் தேவையில்லை, நீக்கிவிடலாம். ஐந்து நிமிடத்தில் அத்தனையும் முடிந்தது. என் தம்பி கேக்கை மென்றுகொண்டிருந்தான். மெல்வதை நிறுத்தினான், பிறகு மரியாதைக்காக விழுங்கினான்.

"பேர் ஒண்ணுதான் பாக்கி" என்றார் ப்ரெட்டோ. கொலைகாரனுக்கு வைக்கும் பெயர் ஒளிபரப்பு எல்லைக்குள் வாழும் எவருக்கும் இருக்கக் கூடாது என்பது விதி. இருந்தால், அந்தப் பெயருள்ள அத்தனை பேரும் சம்மதிக்க வேண்டும். இந்தக் கட்டுப்பாட்டினால் கிஸ்பெர்ட்டின் கடைசி ஆறு கொலைகாரர்களுக்கும் வாயில் நுழையாத பெயர்கள். "நேயர் அதை ரசிக்கலை. உண்மையான பேர் வேணுங்கறாங்க. நாங்க தேடினோம். ஹார்க்கென்சேங்கற பேரு எங்க எல்லைக்குள்ள ரெண்டே ரெண்டு பேருக்குத்தான். ரெண்டு பேரும் இப்போ இந்த அறையிலயே இருக்காங்க."

அவர் ஒரு தாளையும் பேனாவையும் என் முன்னால் நகர்த்தினார். தாள் ஏற்கெனவே தட்டச்சு செய்யப்பட்டிருந்தது. என்னை எதற்கு வரச் சொன்னார்கள் என்று அப்போது விளங்கியது.

"இது ஒரு கௌரவம் மேடம்" என்றார் டாக்டர் க்ளாப்ரோட். "உங்க குடும்பப் பேரை நாப்பது லட்சம் பேர் கேக்கப் போறாங்க."

"கொலைகாரன் பேரா."

"மனிதர் என்ற முறையில ஆழமான கொலைகாரர்."

"எங்க குடும்பத்துல கொலைகாரங்க கிடையாது."

"முப்பத்தெட்டுப் பண்ணியிருக்காரே, உங்க தம்பி" என்றார் லூபெர்ஸ். கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை. கேக்கின் துணுக்கு அவர் மீசையில் இருந்தது.

"வேற பேருல பண்ணான்" என்றேன்.

கிஸ்பெர்ட் என் கையைத் தொட்டான். அவன் கை சில்லென்று இருந்தது.

"போட்டுடு அக்கா. வீட்டுக்குப் போலாம். எனக்கு அலுத்துப்போச்சு."

"படகோட்டி?"

"போனா போறான். அவனும் வயசானவன்தானே."

இதைச் சொன்னபோது சரியான புருவம் இறங்கியிருந்தது; மற்றது எப்போதும் போல மேலே நின்றது. அறையில் இருந்தவர்களுக்கு அவன் ஏதோ சதி செய்கிறவன் மாதிரித் தெரிந்திருப்பான். எழுபத்தொரு வயதில் ஒருவன் மனசு விட்டுப்போய் உட்கார்ந்திருக்கும்போதும் பார்க்கிறவர்களுக்கு அப்படித் தோன்ற வைக்க, ஒரு பெண் பதிமூன்று வயதில் மேட்டிலிருந்து சைக்கிளைப் பிரேக் போடாமல் விட்டால் போதும்.

"உக்காருடா" என்றேன். அவன் உட்கார்ந்துதான் இருந்தான். நான்தான் எழுந்தேன்.

"உங்க நடைமுறை விதி பதினாலு, மூணாவது உட்பிரிவு. வாசிக்கட்டுமா?"

யாரும் வாசித்திருக்கவில்லை என்பது அவர்கள் தலையசைத்த விதத்திலேயே தெரிந்தது. வாசித்தேன். குழுவில் உடன்பாடு எட்டப்படாத எந்தப் பொருளும் எழாததாகவே கருதப்படும்.

"நான் கையெழுத்துப் போட மாட்டேன். அப்போ கொலைகாரருக்குப் பேர் இல்லை. பேர் இல்லாதவரை நேயர் ரசிக்க மாட்டாங்கன்னு நீங்களே சொன்னீங்க. மத்த தொழில் எதுக்கும் உடன்பாடு இல்லை. அப்படின்னா கொலைங்கற பொருள்லயே உடன்பாடு இல்லை. உங்க விதிப்படி அந்தக் கொலை எழவே இல்லை."

ப்ரெட்டோ விதியைத் தானே எடுத்துப் படித்தார். உதடு அசைந்தது. மறுபடி படித்தார்.

"இது... செல்லும்" என்றார்.

"அப்போ அந்த ஆளு எப்படிச் செத்தான்?" என்றார் வேட்டைக்காரர்.

"வயசாகி?" என்றாள் வீப்கே. மூத்த குடிமக்களின் பிரதிநிதி கைத்தடியை எடுத்தார். "இயல்பா" என்று மாற்றிக்கொண்டாள்.

வாக்கெடுப்பு நடந்தது. ஒன்பதுக்குப் பூஜ்யம். கொலை எழவில்லை. இறந்தவர் இயல்பாக இறந்த தேனீ வளர்ப்பவர். அவர்களுடைய பிரதிநிதி கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஆஸ்பராகஸ் தோட்டக்காரர், மதகுரு, வேட்டைக்காரர் எல்லாரும் வெறும் சந்தேகத்துக்குரியவர்களாக வரலாம், ஏனெனில் யாரும் எதையும் செய்யவில்லை. படகோட்டி டொன்னீஸ் திரும்பி வந்தார், கிஸ்பெர்ட் நடிக்க.

"நாட்டுல முதல் முறையா கொலையே இல்லாத ஒரு கொலைப் படம்" என்றார் டாக்டர் க்ளாப்ரோட். "கூட்டு முயற்சின்னா இதுதான்."

ரயிலில் கிஸ்பெர்ட் ஜன்னல் ஓரம் உட்கார்ந்தான். வெர்டன் நிலையம் தாண்டியதும் மெதுவாக, "அப்போ நான் நிரபராதி" என்றான். "ஆமாம்" என்றேன். அவன் தலையை ஜன்னலில் சாய்த்துத் தூங்கிப்போனான்.

பிப்ரவரியில் ஆற்றங்கரையில் படப்பிடிப்பு. நானும் ஒருநாள் போனேன். அதற்குள் குழு மறுபடி கூடியிருந்தது. சந்தேகத்துக்குரியவர்கள் ஏழு பேர், ஏழு பேரும் குற்றமற்றவர்கள். ஒருவரிடம் மட்டும் நான்கு நிமிடம் மன்னிப்புக் கேட்டால் மற்ற ஆறு பிரிவுகளுக்கும் அது பாகுபாடு. ஆகவே மன்னிப்பு ஒரு நிமிடமாகச் சுருக்கப்பட்டு, சமமாகப் பங்கிடப்பட்டது. ஆளுக்கு ஒன்பது விநாடி. கைகுலுக்க நேரம் போதாது என்பதால் அது எல்லாருக்கும் நீக்கப்பட்டது.

ஏழு பேரையும் கரையில் வரிசையாக நிறுத்தினார்கள். காவல் ஆணையராக நடித்த பெண் ஒருவர்பின் ஒருவராக, "உங்களைத் தப்பா நினைச்சுட்டோம்" என்று சொல்லிக்கொண்டே போனாள். கிஸ்பெர்ட் ஆறாவது ஆள். மூன்று மாதம் ஒத்திகை பார்த்த கை. அது தானாகவே நீண்டது. அவள் அதற்குள் ஏழாவது ஆளிடம் திரும்பிவிட்டாள். கை அங்கேயே குளிரில் நின்றது. அவன் அதைப் பார்த்தான். பிறகு மெதுவாகச் கால்சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான்.

"நிறுத்து!" என்றார் இயக்குநர். "அந்தக் கை பிரமாதம் சார். வச்சுக்கலாம்."

ஏப்ரலில் என் வீட்டில் உட்கார்ந்து பார்த்தோம். ரொட்டியும் பன்றி இறைச்சித் துண்டுகளும் வைத்திருந்தேன். எங்கள் தெருவில் வீடுகளுக்கு ஒரே சுவர். ஒன்பதாவது நிமிடத்தில் படகோட்டி டொன்னீஸ் கரையில் கயிறு சுற்றிக்கொண்டு வந்தார். சுவருக்கு அப்பால் பக்கத்து வீட்டு பெஹ்ன்கெயின் குரல், "வந்துட்டான் பாரு! இவன்தான்!" என்றது. கிஸ்பெர்ட் கதவைத் திரும்பிப் பார்க்கவில்லை. நிமிர்ந்து உட்கார்ந்தான். கடைசி நிமிடத்துக்காகக் காத்திருந்தான். அப்போது அந்தப் பக்கம் வெட்கப்பட வேண்டும்.

கடைசி நிமிடம் வந்தது. ஒன்பது விநாடி, பிறகு அந்தக் கை, பிறகு ஆற்றுத் தண்ணீர், பிறகு பெயர்கள். கிஸ்பெர்ட் சுவர்ப் பக்கம் திரும்பினான். அப்புறம் பெஹ்ன்கெ வாய்விட்டுச் சிரித்தார். "தப்பிச்சுட்டான்டி! அந்தக் கையைப் பாத்தியா? பைக்குள்ள எதையோ ஒளிக்கறான்!"

கிஸ்பெர்ட் ரொட்டியில் வெண்ணெய் தடவினான். தட்டு முழுக்கத் தடவுகிற மாதிரி நெடுநேரம் தடவினான்.

"அக்கா, கை நல்லா இருந்துச்சா?"

"சட்டைக் கை சுருங்கியிருந்தது. மத்தபடி நல்லா இருந்துச்சு."

"நீ உருளைக்கிழங்கு உரிச்சுக்கிட்டே கேட்டதுதான் நல்லா இருந்துச்சு" என்றான்.

மறுநாள் காலை ரொட்டிக் கடையில் டெட்மெர் அம்மா கல்லாவை விட்டு எழுந்து வந்து அவன் இரு கைகளையும் பிடித்துக் குலுக்கினாள். "வாழ்த்துகள் சார்! முப்பத்தெட்டுத் தடவை மாட்டிக்கிட்டீங்க. கடைசியில ஒருவழியா தப்பிச்சீங்களே! எங்க வீட்டுல எல்லாருக்கும் அவ்ளோ சந்தோஷம்!" வரிசையில் நின்றவர்கள் கை தட்டினார்கள். கிஸ்பெர்ட் நான்கு உருண்டை ரொட்டி கேட்டான், ஐந்து கிடைத்தது.

நிலையத்துக்குப் பதினோராயிரம் கடிதங்கள் போயின. கொலைகாரனைப் பிடிக்காமல் படத்தை முடித்த துணிச்சலைப் பாராட்டி. எண்பத்தேழு சதவீத நேயர்கள் தாங்கள் சொன்னது இந்த முறையும் சரி என்று உறுதியாக இருப்பதாக டெப்பே ஒரு புதிய வரைபடம் போட்டார். குழு கிஸ்பெர்ட்டுக்கு ஒரு பித்தளைப் பட்டயம் அனுப்பியது. "நம்பகத்தன்மைக்காக" என்று அதில் பொறித்திருக்கிறது. அது அவன் காலணி அடுக்கின் மேல் இருக்கிறது. எங்கள் பெயர் சரியாக எழுதப்பட்டிருப்பதால் எறியச் சொல்லவில்லை.

டொன்னீஸ்தான் தேனீ வளர்த்தவரைப் படகிலிருந்து தள்ளிவிட்டார் என்றும், அதைக் காட்டும் நாற்பது விநாடி படமாக்கப்பட்டது என்றும், குடும்பப் பெயரைக் காப்பாற்றுவதற்காக நான் மூன்றாம் மாடிக்குப் போய் மேசையைக் குத்தி அதை வெட்ட வைத்தேன் என்றும் நீன்புர்கில் சொல்லிக்கொள்கிறார்கள். நான் மேசையைக் குத்தவில்லை. எதுவும் வெட்டப்படவில்லை. தேனீ வளர்த்தவர் இயல்பாக இறந்தார். அந்த நேரத்தில் டொன்னீஸ் கரையில் நின்று கயிறு சுற்றிக்கொண்டிருந்தார். அவர் கொல்லவில்லை.